சென்னையில் தொடங்கி தஞ்சாவூரில் உடைந்த கருவி: இந்தியாவை அளக்கக் கிளம்பிய வில்லியம் லாம்டன் யார்?

திருச்சி பால்பண்ணையிலிருந்து துவாக்குடி வரை சர்வீஸ் ரோடு வேண்டும் என்ற கோரிக்கை பல வருடங்களாக ஓடிக்கொண்டிருக்கிறது. அளவெடுக்க ஆள் வந்தாலே சாலையோரக் கடைக்காரர்களுக்கு நெஞ்சு படபடக்கும். முக்காலி மேல் ஒரு கருவி. அதில் ஒற்றைக் கண்ணை வைத்து ஒருத்தர் பார்ப்பார். தூரத்தில் இன்னொருத்தர் கம்பைப் பிடித்தபடி நிற்பார். கல் எங்கே விழுகிறதோ, அதை வைத்துத்தான் கடை இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்பது முடிவாகும்.

துவாக்குடியிலிருந்து அதே சாலையில் கிழக்கே போனால் ஒரு மணி நேரத்துக்குள் தஞ்சாவூர். 1808-ல் அங்கே பெரிய கோயில் விமானத்தின் மேல் இதேபோல ஒரு கருவியை ஏற்றினார்கள். சின்னக் கருவி இல்லை, எடை அரை டன். கயிறு அறுந்தது. கருவி கோயில் சுவரில் மோதி நசுங்கியது. அந்தக் கருவியின் சொந்தக்காரர் மாதிரி அதைப் பொத்திப் பொத்திப் பாதுகாத்தவர் வில்லியம் லாம்டன். பள்ளிப் பாடத்தில் எவரெஸ்ட் பெயர் வரும், இவர் பெயர் வருவது அபூர்வம். ஆனால் எவரெஸ்டுக்கு வேலை கற்றுக்கொள்ள இடம் கொடுத்ததே இவர் தொடங்கிய அளவைதான்.

அந்த அளவை தொடங்கிய இடம் சென்னை. எம்.ஜி.ஆர். ஆட்சியில் தலைநகரைத் திருச்சிக்கு மாற்றலாம் என்ற பேச்சு எழுந்தது நினைவிருக்கலாம். அது நடந்திருந்தால் துவாக்குடிகூட தலைநகர் எல்லைக்குள் வந்திருக்கும். நடக்கவில்லை. தலைநகர் சென்னையிலேயே இருக்க, அதன் எல்லைதான் நகர்ந்துகொண்டே இருக்கிறது.

நகரம் எங்கே முடிகிறது?

சென்னை மாநகராட்சி 1688-ல் தொடங்கியபோது அதன் எல்லையை ரொம்ப சுலபமாகச் சொல்லிவிட்டார்கள். புனித ஜார்ஜ் கோட்டையும், அதிலிருந்து 10 மைலுக்கு மிகாத கும்பினியின் நிலமும் நகரம். அவ்வளவுதான். அந்த 10 மைலை யார் அளந்து கல் நட்டார்கள் என்றெல்லாம் கேட்கக்கூடாது.

நூறு வருடம் கழித்து இது போதவில்லை. நீதிமன்றத்தின் அதிகாரம் எந்தத் தெரு வரை செல்லும் என்று தெரிய வேண்டியிருந்தது. 1798-ல் புதிதாக ஓர் எல்லை அறிவிப்பு வந்தது. அதைப் படித்தால் இன்றைய சென்னைக்காரர் தலையைச் சொறிவார். தெற்கே அடையாற்றின் தென்கரை. அங்கிருந்து வடக்கே திரும்பி நெடுங்குளத்தின் கரையோடு போக வேண்டும். பிறகு நுங்கம்பாக்கம் ஏரிக்கரை. அதைத் தாண்டி கூவத்தின் கரையில் சேத்துப்பட்டு கிராமம், பிறகு கீழ்ப்பாக்கம், பெரம்பூர் கிராமங்கள், கடைசியில் கடல். ஆறு, ஏரிக்கரை, கிராமம், இவைதான் எல்லைக்கல்.

அந்தக் காலத்துக்கு இது தப்பான முறை இல்லை. ஏரிக்கரை எங்கே என்று ஊரில் எல்லாருக்கும் தெரியும். பிரச்சினை ஏரி போனால்தான். நெடுங்குளத்தின் மாம்பலம் பகுதியை 1920-களில் தூர்த்துத்தான் தி.நகர் உருவானது. நுங்கம்பாக்கம் ஏரி இருந்த இடத்தில் வள்ளுவர் கோட்டம் நிற்கிறது. பக்கத்தில் டேங்க் பண்ட் ரோடு, லேக் ஏரியா, மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு என்று பெயர்கள் மட்டும் மிச்சம். 1798-ன் மேற்கு எல்லையை இன்று தேடிப் போகிறவர் ரங்கநாதன் தெருக் கூட்டத்தில்தான் மாட்டிக்கொள்வார்.

எல்லைக்கு அடையாளமாக இருந்த பொருள் அழிந்தாலும் எல்லை அழியாமல் இருக்க என்ன வழி? பூமியின் மேல் அந்தப் புள்ளி எங்கே இருக்கிறது என்று கணக்கில் எழுதிவைப்பதுதான். அந்தக் கணக்கைத் தென்னிந்தியாவில் முதன்முதலில் ஒழுங்காகப் போட வந்தவர் லாம்டன்.

ஒற்றைக் கண்ணர்

இங்கிலாந்தின் யார்க்ஷயர் பகுதியில் நார்தாலர்டன் என்ற ஊருக்குப் பக்கத்தில், 1750-களில், வசதியில்லாத குடும்பத்தில் பிறந்தவர் லாம்டன். கணக்கு நன்றாக வரும் என்பதைத் தவிர இளமைக்காலம் பற்றிப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. 1781-ல் 33-வது ரெஜிமெண்டில் சேர்ந்து அமெரிக்க விடுதலைப் போருக்குப் போனார். போன வருடமே யார்க்டவுனில் பிரிட்டிஷ் படை சரணடைந்தது, இவரும் போர்க் கைதி ஆனார்.

போர் முடிந்ததும் கனடாவின் நியூ பிரன்ஸ்விக் பகுதிக்கு மாற்றல். தோற்ற நாட்டுக்கும் புதிதாகப் பிறந்த நாட்டுக்கும் நடுவே எல்லை எது என்று தெளிவாகாத இடம். அந்த எல்லையை அளக்கும் வேலையில் இவரும் இருந்தார். அகதிகளாக வந்த குடியேறிகளுக்கு நிலம் அளந்து பிரித்துக் கொடுக்கும் வேலையும் இருந்தது. அங்கேதான் ஒரு சூரிய கிரகணத்தைக் கண்ணாடி இல்லாமல் பார்த்து ஒரு கண்ணின் பார்வையைக் கெடுத்துக்கொண்டார். பிறகு வாழ்நாள் முழுக்க தொலைநோக்கி வழியாகப் பார்க்கும் வேலையைத் தேர்ந்தெடுத்த மனிதருக்கு இப்படி ஒரு தொடக்கம்.

லாம்டன் கனடாவில் இருந்த அதே வருடங்களில், எல்லைக்கு அந்தப் பக்கம் வேறொரு அளவை நடந்தது. 1791, 92-ல் அமெரிக்கா தன் புதிய தலைநகருக்கு எல்லை போட்டது. பக்கத்துக்கு 10 மைல் உள்ள சதுரம், மைலுக்கு ஒன்றாக மொத்தம் 40 கற்கள். அங்கே முதலில் எல்லை வந்தது, ஊர் பிறகு வந்தது. சென்னை நேர்மாறு. ஊர் பாட்டுக்கு வளர்ந்தது, எல்லை பின்னாலேயே மூச்சு வாங்க ஓடியது. இன்னும் ஓடுகிறது.

கனடாவில் பத்து வருடத்துக்கு மேல் அமைதியாக இருந்த லாம்டனை 1796 வாக்கில் ரெஜிமெண்ட் இந்தியாவுக்கு அழைத்தது. தளபதி ஆர்தர் வெல்லெஸ்லி. பின்னாளில் வாட்டர்லூவில் நெப்போலியனைத் தோற்கடித்த அதே வெல்லிங்டன் பிரபு. அவருடைய அண்ணன் கவர்னர் ஜெனரல். நாற்பதைத் தாண்டிய, கூச்ச சுபாவமுள்ள, பதவி உயர்வு இல்லாமல் கிடந்த ஒரு அதிகாரிக்கு இதைவிட நல்ல சிபாரிசு கிடைத்திருக்காது.

1799-ல் திப்பு சுல்தானுக்கு எதிரான போர். ஸ்ரீரங்கப்பட்டினத்துக்கு அருகே ஒரு ராத்திரி படை நகர்கிறது. வானத்தில் சப்தரிஷி மண்டலத்தைப் பார்த்த லாம்டனுக்குச் சந்தேகம் வந்தது. வடக்கே போக வேண்டிய படை தெற்கே, நேராக எதிரி முகாமை நோக்கிப் போகிறது என்று ஜெனரல் பேர்டிடம் போய்ச் சொன்னார். பேர்டு முதலில் காதில் வாங்கவில்லை. பிறகு திசைகாட்டியை எடுத்துப் பார்த்தால் லாம்டன் சொன்னதே சரி. படை திரும்பியது.

பல்லக்குத் தூக்கிக்குத் தெரியாத வழியா?

திப்பு வீழ்ந்தபின் மைசூரின் பெரும்பகுதி கும்பினியின் பிடிக்குள் வந்தது. பிடித்தாகிவிட்டது, ஆனால் பிடித்தது எவ்வளவு என்று தெரியாது. வரி போட வேண்டும், படை நடத்த வேண்டும். இதற்கு வரைபடம் தேவை. லாம்டன் சென்னை அரசிடம் வைத்த திட்டம் அதையும் தாண்டியது. கிழக்குக் கடற்கரையிலிருந்து மேற்குக் கடற்கரை வரை முக்கோணங்களால் அளப்போம், அதோடு பூமியின் உருண்டை வடிவம் எந்த அளவுக்குத் தட்டையாகிறது என்ற கணக்கையும் போடுவோம் என்றார். வெல்லெஸ்லி ஆதரித்ததால் அனுமதி கிடைத்தது.

எல்லாருக்கும் பிடித்துவிடவில்லை. நிதி விவகாரம் பார்த்த ஒரு அதிகாரி கேட்டதாக ஒரு கதை உண்டு: ஸ்ரீரங்கப்பட்டினம் போக வேண்டுமென்றால் பல்லக்குத் தூக்கிகளின் தலைவரிடம் சொன்னால் போதுமே, அவருக்கு வழி தெரியும், எதற்கு இத்தனை செலவு? கேள்வி நியாயமாகத்தான் தோன்றும். ஆனால் வழி தெரிவது வேறு, தூரம் தெரிவது வேறு.

கருவிகள் வந்த கதை தனி சுவாரசியம். அளவுச் சங்கிலி லண்டனின் புகழ்பெற்ற ராம்ஸ்டன் பட்டறையில் செய்தது, 100 அடி எஃகு. பழைய சென்னை கவர்னர் மெக்கார்ட்னி, சீனச் சக்கரவர்த்திக்குக் கொண்டுபோன பரிசுகளில் ஒன்று. சக்கரவர்த்தி வேண்டாம் என்றுவிட்டார். அது கைமாறி கல்கத்தாவில் கிடந்து, லாம்டனிடம் விலைக்கு வந்தது. கோணம் அளக்கும் பெரிய தியோடலைட்டை லண்டனில் வில்லியம் கேரி செய்தார். அதன் வட்டம் மட்டும் 36 அங்குல விட்டம். அதை ஏற்றிவந்த கப்பலைப் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்து மொரீஷியசுக்கு இழுத்துப் போய்விட்டார்கள். பெட்டியைத் திறந்து பார்த்த பிரெஞ்சு கவர்னர், இது அறிவியல் கருவி என்று தெரிந்ததும் மரியாதையாகச் சென்னைக்கே அனுப்பிவைத்தார். இரண்டு நாடுகளும் ஜென்ம விரோதிகளாக இருந்த காலம் அது.

பரங்கிமலையில் 57 நாள்

1802 ஏப்ரல் 10. பரங்கிமலைக்குக் கீழே உள்ள சமவெளியில் வேலை தொடங்கியது. 1798 அறிவிப்பின்படி நகரத்தின் தெற்கு எல்லை அடையாறு. பரங்கிமலை அதற்கும் வெளியே. அங்கிருந்து தெற்கே பெரும்பாக்கம் குன்றுப் பக்கம் வரை ஏழரை மைல் தூரத்துக்கு ஒரு நேர்க்கோடு. இதற்கு அடிக்கோடு என்று பெயர்.

முக்கோண அளவையின் கணக்கு ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைக்குப் புரியக்கூடியதுதான். ஒரு முக்கோணத்தில் ஒரு பக்கத்தின் நீளமும், அதன் இரண்டு முனைகளில் உள்ள கோணங்களும் தெரிந்தால் மற்ற இரண்டு பக்கங்களையும் கணக்கிட்டுவிடலாம். அந்தப் பக்கங்களை வைத்து அடுத்த முக்கோணம், அதை வைத்து அடுத்தது. மலை உச்சியிலிருந்து மலை உச்சிக்குக் கோணம் பார்த்துக்கொண்டே போனால் சங்கிலி பிடிக்காமலேயே நாட்டை அளந்துவிடலாம். ஆனால் முதல் பக்கத்தை மட்டும் கையால்தான் அளந்தாக வேண்டும். அதில் ஒரு அடி பிசகினால் போகப் போக பிசகு பெருகும்.

அதனால்தான் அந்த ஏழரை மைலுக்கு 57 நாள். சங்கிலியைத் தரையில் போட்டு இழுக்கவில்லை. முக்காலிகள் மேல் மரப்பெட்டிகளைச் சமமட்டமாக நிறுத்தி, அதற்குள் சங்கிலியைக் கிடத்தினார்கள். சித்திரை வைகாசி வெயிலில் எஃகு நீளும். எவ்வளவு நீண்டது என்று கணக்குப் போட, பக்கத்தில் வெப்பமானிகள். வெயில் படாமல் நிழல். ஒரு சங்கிலி நீளம் முடிந்ததும் எல்லாவற்றையும் தூக்கி அடுத்த 100 அடிக்கு. இப்படி 400 தடவை. கிடைத்த விடை 40,006 அடியும் கொஞ்சமும். அந்தக் கொஞ்சத்தையும் புள்ளி போட்டு நான்கு இலக்கம் வரை எழுதிவைத்தார் லாம்டன்.

பெட்டி தூக்கியவர்கள், முக்காலி நட்டவர்கள், கொடி பிடித்தவர்கள் எல்லாம் இந்த ஊர்க்காரர்கள். லாம்டனின் உதவியாளர்கள் வாரன், கேட்டர் பெயர்கள் புத்தகங்களில் இருக்கின்றன. வெயிலில் நின்ற இவர்களின் பெயர்கள் இல்லை.

அங்கிருந்து முக்கோணங்கள் மேற்கே நடந்தன. 1804-ல் பெங்களூரில் இன்னொரு அடிக்கோட்டைக் கையால் அளந்து பார்த்தார்கள். சென்னையிலிருந்து முக்கோணங்கள் வழியாகக் கணக்கிட்டு வந்த நீளத்துக்கும், நேரில் அளந்த நீளத்துக்கும் வித்தியாசம் 4 அங்குலத்துக்கும் குறைவு. மங்களூர்க் கடற்கரையை எட்டியபோது இன்னொரு விஷயம் தெரிந்தது. சென்னையிலிருந்து மங்களூருக்கு 400 மைல் என்று அதுவரை வரைபடங்கள் காட்டின. உண்மையில் 360 தான். தீபகற்பத்திலிருந்து 40 மைல் அகலம் காணாமல் போனது! பல்லக்குத் தூக்கிக்கு வழி தெரியும்தான், ஆனால் இது அவருக்குத் தெரிந்திருக்க முடியாது.

தஞ்சாவூரில் என்ன ஆனது?

அடுத்த திட்டம் தெற்கு வடக்காக. 78-வது தீர்க்கரேகையை ஒட்டி கன்னியாகுமரியிலிருந்து வடக்கே ஒரு நீண்ட முக்கோணச் சங்கிலி. பெரும் வளைகோடு என்று இதைச் சொல்வார்கள். அதோடு கிழக்குக் கடற்கரைப் பக்கமும் கிளை பிரித்தார்.

இங்கேதான் காவிரி டெல்டா சிக்கல் கொடுத்தது. திருச்சியைச் சுற்றி மலைக்கோட்டை, திருவெறும்பூர் மலை என்று ஏறி நிற்க ஏதாவது பாறை இருக்கும். துவாக்குடி மேட்டைத் தாண்டிக் கிழக்கே போகப் போக நிலம் தட்டை. வயல், வாய்க்கால், நடுவே பார்வையை மறைக்கும் தென்னையும் பனையும். மலை இல்லாத ஊரில் மலைக்குப் பதில் கோபுரங்கள். (ஸ்ரீரங்கம் ராஜகோபுரம் அப்போது இன்றைய உயரத்தில் இல்லை. அது கட்டி முடிந்தது 1987-ல்தான்.) அந்தச் சமவெளியில் 200 அடிக்கு மேல் நின்ற தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தை லாம்டன் விடுவாரா?

அளவைக்கும் அந்தக் கோயிலுக்கும் பழைய உறவு உண்டு. அதைக் கட்டிய ராஜராஜன் காலத்தில், சுமார் 1001-ல், சோழ நாடு முழுக்க நிலம் அளக்கப்பட்டது. வேலியில் நுணுக்கமான பின்னங்கள் வரை கணக்கு எழுதினார்கள். அளவையை நடத்திய அதிகாரிக்கு உலகளந்தான் என்றே பட்டம். கோயிலுக்குக் கொடுத்த ஊர்களில் குளம் எவ்வளவு, குறுக்கே ஓடும் வாய்க்கால் எவ்வளவு, சுடுகாடு எவ்வளவு, இவற்றைக் கழித்தால் வரி கட்டும் நிலம் எவ்வளவு என்று கல்வெட்டில் இருக்கிறது. சோழர் தலைநகரில் எண்ணூறு வருடம் முன்பு முடிந்துபோன வேலையை, லாம்டன் வேறு கருவியோடு தொடங்கினார் என்றும் சொல்லலாம்.

கயிறு அறுந்து கருவி சுவரில் மோதியதில், அடி நேராக அதன் உயிர்நாடியில் விழுந்தது. கோணத்தைப் படிக்கும் அந்த 36 அங்குல வட்டம் நெளிந்துவிட்டது. ஆரக்கால்கள் வளைந்துவிட்டன. வட்டம் மயிரிழை கோணினாலும் கோணம் தப்பும். லண்டனிலிருந்து புதிது வர வருடக்கணக்காகும். வேறு யாராக இருந்தாலும் அன்றோடு மூட்டையைக் கட்டியிருப்பார்கள்.

லாம்டன் செய்தது இதுதான். நசுங்கிய கருவியை ராணுவத் தளவாடக் கூடம் ஒன்றுக்குக் கொண்டுபோனார். கூடாரத்துக்குள் புகுந்துகொண்டார். முக்கியமான கம்மியர்களைத் தவிர வேறு யாருக்கும் உள்ளே அனுமதி இல்லை. பெரிய தட்டையான பலகையில், வட்டம் எந்த அளவில் இருக்க வேண்டுமோ அந்த அளவில் ஒரு வட்டம் வெட்டினார். நெளிந்த வட்டத்தை அதில் பொருத்தி ஆப்பு, திருகு, கப்பி கொண்டு கொஞ்சம் கொஞ்சமாக வெளியே இழுத்தார். ஆரக்கால்களைச் சின்ன மரச் சுத்தியலால் தட்டித் தட்டி நிமிர்த்தினார்கள். ஆறு வாரம். கருவி கிட்டத்தட்ட பழைய வடிவுக்கு வந்தது. வேலை தொடர்ந்தது.

எல்லா ஊரிலும் வரவேற்பு இல்லை. தொலைநோக்கியைக் கோபுரத்தில் வைத்தால் வீட்டுக்குள் இருக்கும் பெண்களைப் பார்க்கிறார்கள் என்ற சந்தேகம் வரும். அதுவும் அந்தத் தொலைநோக்கியில் காட்சி தலைகீழாகத் தெரியும் என்பது வெளியே கசிந்தால் கேட்கவே வேண்டாம். நிலத்தை அளக்கிறவன் நாளைக்கு வரி கேட்பான் என்ற பயமும் சேர்ந்துகொண்டது. அந்தப் பயம் தப்பென்று சொல்லிவிட முடியாது.

ஏரி போனாலும் புள்ளி இருக்கும்

லாம்டன் யாருடைய வயலுக்கும் கல் நடவில்லை. நகர எல்லையையும் அவர் போடவில்லை. அவர் கொடுத்தது சட்டகம். சென்னை மாகாணத்தில் கிராமம் கிராமமாக, புலம் புலமாக அளக்கும் வேலை 1858-ல் துறையாகத் தொடங்கியபோது, ஒரு கிராமத்தின் படம் பக்கத்துக் கிராமத்தின் படத்தோடு இடிக்காமல் சேர, இந்த முக்கோணப் புள்ளிகள் உதவின. இன்றும் தமிழ்நாட்டில் எல்லைத் தகராறு வந்தால் சர்வேயர் நீட்டுவது 1923-ம் ஆண்டின் நில அளவை மற்றும் எல்லைகள் சட்டத்தை. கல்லைப் பிடுங்கிப் போட்டாலும் அளவைப் படம் இருந்தால் அதே இடத்தைத் திரும்பக் கண்டுபிடித்து நட்டுவிட முடியும். ஏரிக்கரையை எல்லையாக வைத்திருந்த நகரத்துக்கு இது எவ்வளவு பெரிய மாற்றம்!

2011-ல் சென்னை மாநகராட்சியின் பரப்பு 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 ஆனது. ஆலந்தூரும் பள்ளிக்கரணையும் உள்ளே வந்தன. லாம்டன் வெட்டவெளி என்று தேர்ந்தெடுத்த பரங்கிமலைத் தெற்குப் பக்கத்தில் இன்று மெட்ரோ, அடுக்குமாடி, ஐ.டி. ஊழியர்களின் டிராஃபிக் ஜாம். அந்த ஏழரை மைல் கோட்டை இப்போது தரையில் அளக்க வேண்டுமென்றால் எத்தனை வீட்டுக் கதவைத் தட்ட வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள்.

கடைசி நாட்கள்

1817-ல் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராக்கியது. பிரெஞ்சு அறிவியல் கழகமும் கௌரவித்தது. 1818-ல் அளவையின் பொறுப்பு சென்னையிலிருந்து கல்கத்தாவுக்குப் போனது. இந்தியப் பெரும் முக்கோண அளவை என்ற பெயரும் வந்தது. அதே காலத்தில் உதவியாளராக ஜார்ஜ் எவரெஸ்ட் வந்து சேர்ந்தார். இளைஞர், கோபக்காரர், காய்ச்சலில் அடிக்கடி படுத்தவர். லாம்டன் அதிகம் பேசாதவர்.

எழுபதை நெருங்கியும் கிழவர் ஓய்வெடுக்கவில்லை. ஹைதராபாத்திலிருந்து நாக்பூருக்குத் தலைமையிடத்தை மாற்றிக்கொண்டு போகும் வழியில், 1823 ஜனவரி 20-ம் தேதி, இன்றைய மகாராஷ்டிராவின் ஹிங்கன்காட்டில் இறந்தார். காசநோய். கல்லறை அங்கேயே இருக்கிறது. அவர் காலத்தில் முக்கோணங்களுக்குள் வந்த நிலம் 1.65 லட்சம் சதுர மைல்.

வளைகோட்டை இமயமலை அடிவாரம் வரை கொண்டுபோய் முடித்தவர் எவரெஸ்ட். உலகத்தின் உயரமான சிகரத்துக்கு 1865-ல் அவர் பெயர் போனது. லாம்டனுக்குப் பரங்கிமலை மேல் ஒரு மார்பளவுச் சிலை இருக்கிறது. சர்ச்சுக்கு வருகிறவர்கள், விமானம் இறங்குவதை வேடிக்கை பார்க்க வருகிறவர்கள் அதைக் கடந்து போகிறார்கள். தஞ்சாவூரில் அடிபட்டு, மரச் சுத்தியலால் தட்டி நிமிர்த்தப்பட்ட அந்த தியோடலைட்டை எவரெஸ்டும் கொஞ்ச காலம் பயன்படுத்தினார், குறை சொல்லிக்கொண்டே. இப்போது அது டேராடூனில், சர்வே ஆஃப் இந்தியாவின் தலைமையகத்தில் இருக்கிறது.